பதினோரு எழுத்தா, ஒன்பது எழுத்தா: காலடிப்பேட்டையில் ஒரு போர்டு கடை

ஊருக்கெல்லாம் போர்டு எழுதிக் கொடுக்கிற இந்தக் கடைக்குப் போர்டு கிடையாது. அதனால் பெயரைச் சொல்லி வழிகாட்ட என்னால் முடியாது. காலடிப்பேட்டை மெட்ரோவில் இறங்கி, திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் தேரடியைப் பார்க்க நடங்கள். ஒரு சந்து முனையில் பழைய லாரியின் பின்கதவு ஒன்று சுவரில் சாய்ந்திருக்கும். அதில் ‘ஒலி எழுப்பவும்’ என்று நாலு விதமான எழுத்தில், நாலு நிறத்தில் எழுதியிருக்கும். அதுதான் கடையின் கேட்டலாக். உள்ளே பத்துக்குப் பத்து அறை. ஒரு பக்கம் ஸ்டிக்கர் வெட்டும் மெஷினும் கம்ப்யூட்டரும், மறுபக்கம் பெயிண்ட் டப்பாக்கள். கம்ப்யூட்டர் மகனுடையது, பெயிண்ட் அப்பாவுடையது. இருவருக்கும் நடுவில் ஒரு டேபிள் ஃபேன், எப்போதும் கம்ப்யூட்டரைப் பார்த்தே சுற்றும்.

நான் யார், எனக்கு அங்கே என்ன வேலை என்று சொல்லிவிடுகிறேன். எங்களுக்கு இரண்டு டேங்கர் லாரிகள். இரண்டும் 12,000 லிட்டர், நாலு அறை. மாமனார் ஓட்டி வளர்த்த தொழில். அவர் போன பிறகு லோடு கணக்கு, எஃப்.சி. என்கிற வண்டித் தகுதிச் சான்று, எக்ஸ்ப்ளோசிவ் லைசென்ஸ், கேலிப்ரேஷன் எல்லாம் என் தலையில் விழுந்தது. என் அப்பா விம்கோவில் வேலை பார்த்தவர். இன்றைக்கு மெட்ரோவில் ‘விம்கோ நகர்’ என்று அறிவிப்பு வரும்போது பலருக்கு அது ஒரு ஸ்டேஷன், அவ்வளவுதான். எங்களுக்கு அது தீப்பெட்டித் தொழிற்சாலை. ஆக, தீப்பெட்டிக் குடும்பத்தில் பிறந்து பெட்ரோல் குடும்பத்தில் வாழ்க்கைப்பட்டவள் நான். கல்யாணத்தின்போதே இதைச் சொல்லிச் சிரித்தவர்கள் உண்டு.

கடைக்குப் போகக் காரணம் எங்கள் கிளீனர் பையன். கள்ளக்குறிச்சிப் பக்கம், பன்னிரண்டாம் வகுப்பு பாஸ், வேலைக்குச் சேர்ந்து பத்து நாள்தான் ஆகியிருந்தது. லோடு இறக்கிவிட்டு வந்த வண்டி சாத்தாங்காட்டுப் பக்கம் நிற்கிறது. பையன் டேங்கின் பின்னால், ஏணிக்குக் கீழே நின்றுகொண்டு, பீடியை உதட்டில் வைத்துத் தீப்பெட்டியைத் திறந்திருக்கிறான். டிரைவர் பாய்ந்து கையைத் தட்டிவிட்டார். குச்சிகள் தரையில் சிதறியதோடு முடிந்தது. அவர் திட்டி ஓய்ந்த பிறகு பையன் சொன்னானாம்: “எரியாதுன்னு வண்டிலயே எழுதியிருக்கேண்ணே.”

மறுநாள் அவனைக் கூப்பிட்டு, எங்கே எழுதியிருக்கிறது, காட்டு என்றேன். காட்டினான். டேங்கின் பின்பக்கம் சிவப்பில் ஒரு முழ உயரத்துக்கு இருந்த INFLAMMABLE என்ற ஆங்கில வார்த்தைதான். “இன்ஃப்ளேமபிள்னு இருக்கேக்கா. கரெக்டுக்கு ஆப்போசிட் இன்கரெக்ட். விசிபிளுக்கு இன்விசிபிள். ஃப்ளேம்னா நெருப்பு. அப்ப நெருப்புப் பிடிக்காதுன்னுதானே அர்த்தம்?”

அவனை நிற்க வைத்துத் திட்டலாம் என்று போன நான் பேசாமல் திரும்பி வந்தேன். அவன் போட்ட கணக்கில் தப்பே இல்லை. இத்தனை வருஷமாக அந்த வார்த்தைக்குப் பின்னால் வண்டி ஓட்டிக்கொண்டு வந்தவர்கள், அதற்குக் கீழே டயர் மாற்றியவர்கள், அதற்கு பில் கட்டிய நான், எல்லோரும் அதைப் பார்த்திருக்கிறோம். படித்தவன் இவன் ஒருவன்தான்.

நான் தபாலில் பி.ஏ. ஆங்கிலம் முடித்தவள். அந்தப் படிப்புக்கு வேலை வந்ததே அன்றைக்குத்தான். மகளின் அகராதியை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஆங்கிலத்தில் வார்த்தைக்கு முன்னால் வந்து ஒட்டிக்கொள்கிற ‘இன்’ இரண்டு ஆட்கள். ஒருவன் ‘இல்லை’ என்று மறுப்பவன். இன்கரெக்டில் இருக்கிறவன் அவன். இன்னொருவன் ‘உள்ளே’, ‘அதில்’ என்கிறவன். இரண்டு பேரும் லத்தீனிலிருந்து வந்தவர்கள், போட்டிருக்கும் சட்டை மட்டும் ஒன்று. இன்ஃப்ளேமபிளில் இருப்பது இரண்டாமவன். இன்ஃப்ளமாரே என்ற லத்தீன் வினைக்குத் தீ மூட்டு, கொளுத்து என்று பொருள். அதிலிருந்து வந்த இன்ஃப்ளேமபிளுக்கு அர்த்தம் ‘மூட்டினால் பற்றிக்கொள்ளும்’. மூட்டு வலிக்குப் போனால் டாக்டர் இன்ஃப்ளமேஷன் என்று எழுதுகிறாரே, அதுவும் இந்த வேர்தான். தமிழில் அதற்கு அழற்சி என்கிறோம். அழல் என்றால் நெருப்பு. முழங்கால் வீங்கினால் எல்லா ஊரிலும் நெருப்புதான் ஞாபகம் வரும் போலிருக்கிறது.

எனக்கு நிஜமாகவே ஆச்சரியமாக இருந்தது வேறொன்று. ‘இன்’ இல்லாத ஃப்ளேமபிள் (FLAMMABLE) என்று ஒரு வார்த்தை உண்டு. அர்த்தம் அதேதான், ஒரு மயிரிழை வித்தியாசம் கிடையாது. இன்ஃப்ளேமபிள் 1605-லேயே ஆங்கிலத்தில் இருக்கிறது. ஃப்ளேமபிள் தலைகாட்டுவது 1813-ல். அதற்குப் பிறகும் நூறு வருஷம் அதைச் சீந்துவாரில்லை. இருக்கிற வார்த்தைக்கு எதற்கு இன்னொரு வடிவம் என்று அகராதியின் ஓரத்தில் கிடந்தது. அதைத் தூக்கி நிறுத்தியவர்கள் வாத்தியார்கள் இல்லை, தீத்தடுப்புக்காரர்கள். 1920-களில் அமெரிக்காவின் தேசியத் தீத்தடுப்புச் சங்கம் ‘இன்’ இல்லாததையே எழுதுங்கள் என்று சொல்ல ஆரம்பித்தது. 1959-ல் பிரிட்டிஷ் தர நிர்ணய நிறுவனமும் குழப்பம் வேண்டாம் என்று அதே வழிக்கு வந்தது. இன்றைக்கு ஆபத்தான சரக்குகளுக்கு ஐ.நா. வகுத்திருக்கும் பட்டியலில் பெட்ரோல் இருக்கும் மூன்றாம் வகுப்புக்குப் பெயர் ஃப்ளேமபிள் லிக்விட். எரியாத பொருளுக்கு நான்ஃப்ளேமபிள்.

அதாவது, எங்கள் கள்ளக்குறிச்சிப் பையன் போட்ட கணக்கை அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் அவனுக்கு முன்னாலேயே யார் யாரோ போட்டிருக்கிறார்கள்.

நம் ஊரில் சட்டம் இன்னும் மூத்த வார்த்தையோடு இருக்கிறது. 1934-ஆம் வருஷத்துப் பெட்ரோலியம் சட்டம், பெட்ரோலியம் என்றால் என்ன என்று விளக்கும் இடத்திலேயே இன்ஃப்ளேமபிள் என்கிறது. 1952-ல் வந்த ஒரு சட்டத்துக்குப் பெயரே இன்ஃப்ளேமபிள் சப்ஸ்டன்சஸ் ஆக்ட். எண்ணூர் எக்ஸ்பிரஸ் சாலையில் ஒரு மணி நேரம் நின்று பாருங்கள், போகிற டேங்கர்களில் ‘இன்’ போட்டவைதான் அதிகம். சிலவற்றில் எம் ஒன்றுதான் இருக்கும். இரண்டு எம் வேண்டும். எரியுமா எரியாதா என்பது கிடக்கட்டும், எழுத்தாவது சரியாக இருக்க வேண்டாமா?

இதில் ஒரு சங்கதி. கோபக்காரனைச் சொல்ல, எப்போது வெடிக்குமோ என்று இருக்கும் ஊர் நிலைமையைச் சொல்ல, ஆங்கிலத்தில் இன்றும் இன்ஃப்ளேமபிள்தான். ஃப்ளேமபிளை அங்கே வைத்தால் ஒட்டாது. அது லாரி, மெத்தை, கேஸ் டியூப், நைலான் நைட்டி இவற்றோடு நின்றுவிட்டது. என் மாமியாருக்கு முதல் வார்த்தை. எங்கள் லாரிக்கு இரண்டாவது.

ஆங்கிலக்காரனைப் பார்த்துச் சிரிப்பதற்கு முன்னால் நம் வீட்டையும் பார்க்க வேண்டும். கோரம் என்றால் பயங்கரம். வடமொழியில் அதற்கு முன்னால் ஓர் ‘அ’ போட்டு அகோரம் என்றால் பயங்கரம் இல்லாதது, சாந்தமானது. நாம் என்ன செய்தோம்? அகோரப் பசி, அகோர வெயில் என்கிறோம். கோர விபத்தும் அகோரப் பசியும் நமக்கு ஒரே பக்கம்தான். ‘அ’ வந்து நிற்பது மறுக்கத்தான் என்று நமக்குத் தோன்றவே இல்லை. இன்னும் கொஞ்சம் காரம் சேர்க்க வந்திருக்கிறது என்று எடுத்துக்கொண்டோம். அநியாயத்துக்கு நல்லவர் என்று ஒருவரைப் பாராட்டுகிற ஊர் இது.

சரி, கடைக்கு வருவோம்.

பெயிண்ட்டில் எழுதுகிற அந்தக் கடைக்கார அப்பாவை நான் அண்ணா என்றுதான் கூப்பிடுவேன். வயது அறுபத்தெட்டு. மாமனார் காலத்திலிருந்தே எங்கள் வண்டிக்கு எழுதுகிறவர். எழுத்துக் கணக்கில் கூலி: பெரிய எழுத்து ஒன்றுக்கு 60 ரூபாய், சின்னதுக்கு 25. எஃப்.சி.க்காக முதல் வண்டிக்கு முழு பெயிண்ட் அடித்து வெள்ளையாக நிறுத்தியிருந்தோம். ஒரு சீட்டில் எழுத வேண்டியதை எழுதிக்கொண்டு போனேன். அவர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுச் சீட்டைப் பார்த்தார்.

“முன்னாடி ரெண்டு எழுத்த வுட்டுட்டியேம்மா.”

“விடலைண்ணா. வேணும்னுதான் எழுதலை.”

“நாப்பது வருஷமா இத பதினோரு எழுத்துலதான் எழுதுறேன். ஒம்போதுல எழுதுன்னு ஒருத்தனும் சொன்னதில்ல. நாளைக்கு எவனாவது வண்டிய மடக்கினா என்ன சொல்லக்கூடாது.”

கதையைச் சொன்னேன். பையன், பீடி, இன்கரெக்ட், இன்விசிபிள், எல்லாம். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, “இவ்ளோ சுத்துறதுக்கு எரியும்னு தமிழ்ல எழுதிட்டுப் போலாமே” என்றார். எனக்கு அது தோன்றவே இல்லை. கீழே ‘எளிதில் தீப்பற்றக்கூடியது’ என்று சேர்க்கச் சொன்னேன். ஸ்டிக்கராகப் போட்டுவிடலாம் என்று மகன் அதைக் கம்ப்யூட்டரில் அடித்தான். திரையில் சரியாக இருந்தது, மெஷினில் வெட்டி வந்தபோது ‘கூ’ மட்டும் உடைந்து, ‘க’ ஒரு பக்கமும் அதன் சுழி ஒரு பக்கமுமாக நின்றது. ஃபான்ட் தகராறு அக்கா என்றான். அப்பா ஒன்றும் சொல்லாமல் பிரஷ்ஷை எடுத்தார். அந்தக் ‘கூ’வை அவர் எழுதியதைப் பார்க்கவே ஒரு நடை போகலாம்.

வேலை கடையில் நடக்காது, அந்தச் சந்துக்குள் டேங்கர் வராது. அவர்களே யார்டுக்கு வந்துவிடுகிறார்கள், அதற்குத் தனி சார்ஜ் இல்லை. முதலில் சாக்பீஸ் பொடி தடவிய நூலை டேங்கின் குறுக்கே இருவர் பிடித்து, நடுவில் இழுத்துத் தெறிக்கவிடுவார்கள். டப் என்று ஒரு வெள்ளைக் கோடு விழும். வெள்ளை டேங்கில் வெள்ளைக் கோடு தெரியாதே என்று நான் கேட்கும் முன்பே நீலப் பொடிக்கு மாறிவிட்டார். அப்புறம் ஒரு குச்சியின் நுனியில் துணி சுற்றி, அதை டேங்கில் ஊன்றி, அதன்மேல் மணிக்கட்டை வைத்துக்கொள்வார். பென்சிலில் எழுத்தே வரைய மாட்டார். இடத்தை மட்டும் சின்னச் சின்னப் புள்ளியாகக் குறித்துக்கொள்வார். நேராக எனாமல்தான். டேங்கின் பின்புறம் தட்டையாக இருக்காது, லேசாக உப்பியிருக்கும். கீழிருந்து பார்க்கிறவனுக்கு எழுத்து குட்டையாகத் தெரியும் என்பதற்காக மேல்பாதியைக் கொஞ்சம் இழுத்து எழுதுகிறார். “எம்முக்கு மட்டும் ஒண்ணரை எழுத்து எடம் குடுக்கணும்மா. ரெண்டு எம்மு அடுத்தடுத்து வர்றதால நெருக்குனா வேலி மாதிரி ஆயிடும்.” எம் ஒன்றை விழுங்கிவிட்டு ஓடுகிற லாரிகள் ஏன் அத்தனை என்று அப்போதுதான் புரிந்தது. இடம் போதாதபோது யாரோ ஒரு பெயிண்டர் கையை விரித்திருக்கிறார்.

பேச்சுவாக்கில், காலடிப்பேட்டைக்கு ஏன் அந்தப் பெயர் என்று உதவிக்கு வந்த பையனிடம் கேட்டேன். சாமி காலடி பட்ட இடம் என்றான். 1717 முதல் 1720 வரை மதராஸில் கவர்னராக இருந்த ஜோசப் காலட் நெசவாளர்களைக் குடியேற்றி உண்டாக்கிய பேட்டை இது. காலட் பேட்டை, வாய்க்கு வாய் மாறி, காலடிப்பேட்டை. பெயிண்டர் அண்ணன் பிரஷ்ஷை எடுக்காமலே, “அப்ப நம்ம ஊரு பேரே ஸ்பெல்லிங் மிஸ்டேக்கா?” என்றார்.

இனிக் குறைகள். மூன்று.

முதலாவது: எழுத்து நடுவில் இல்லை. முடிந்த பிறகு பத்தடி தள்ளிப் போய்ப் பார்க்கிறேன், ஒன்பது எழுத்தும் வலது பக்கம் ஒதுங்கி நிற்கிறது. இடது பக்கம் ஒரு முழத்துக்கு வெறும் வெள்ளை. பின்பக்கம் மட்டும் இல்லை, இரண்டு பக்கவாட்டிலும் அப்படியே. என்னண்ணா இது என்றால், அவரும் தள்ளி வந்து பார்த்துவிட்டுத் தலையைச் சொறிந்தார். “கை பதினோரு எழுத்துக்கு அளந்துடுச்சும்மா.” நாற்பது வருஷப் பழக்கம். அழித்து மறுபடி எழுதித் தருகிறேன் என்றார், காசு கேட்கவில்லை. விடிந்தால் லோடு. இருக்கட்டும் விடுங்கள் என்றேன்.

இரண்டாவது: ஆபத்துச் சரக்கு ஏற்றும் வண்டிக்கு இரண்டு பக்கமும் பின்னாலும் அவசரத் தகவல் பலகை வேண்டும். என்ன சரக்கு, ஐ.நா. எண், வகுப்பு அடையாளம், தீ விபத்து என்றால் கூப்பிட வேண்டிய எண் எல்லாம் அதில் இருக்க வேண்டும். இதற்கு மட்டும் ஸ்டிக்கர்தான் நல்லது, மகனுடைய வேலையும் சுத்தம்தான். ஆனால் பெட்ரோலுக்கு 1203 என்று போட வேண்டிய இடத்தில் 1202 என்று அடித்திருந்தான். 1202 டீசல். போன வாரம் வேறு யாருக்கோ செய்த ஃபைலை அப்படியே எடுத்திருக்கிறான். விபத்து நடந்த இடத்துக்கு ஓடி வருகிறவர்கள் அந்த எண்ணைப் பார்த்துத்தான் உள்ளே இருப்பது என்ன என்று தெரிந்துகொள்கிறார்கள். பெட்ரோல் சுழியத்துக்குக் கீழே நாற்பது டிகிரி குளிரிலும் பற்றுகிற அளவுக்கு ஆவி விடும் சரக்கு. டீசல் அப்படி இல்லை. ஒரே ஓர் இலக்கம்தானே என்று விட முடியாது. நான் பார்த்துச் சொன்னதும் மூன்றையும் புதிதாக வெட்டிக் கொடுத்தான், பணம் வாங்கவில்லை. பார்க்காமல் விட்டிருந்தால்? போகிறவர்கள் எண்ணை ஒரு தடவைக்கு இரண்டு தடவை சரிபாருங்கள்.

மூன்றாவதைச் சொல்லும்போது இப்போதும் கை கொஞ்சம் நடுங்குகிறது. பின்பக்க ஸ்டிக்கரை ஒட்டும்போது காற்றுக் குமிழ் நின்றுவிட்டது. மகன் சாவகாசமாக எக்ஸ்டென்ஷன் வயரை இழுத்து, ஹீட் கன்னை மாட்டி, சூடு காட்டக் கிளம்பினான். டேங்க் காலிதானே அக்கா என்கிறான். காலி டேங்க்தான் எமன். நிறைய பெட்ரோல் இருக்கிற டேங்கில் ஆவி நிற்க இடம் குறைவு. லோடு இறக்கிய டேங்கில் ஆவியும் காற்றும் கலந்து கிடக்கும். காற்றில் பெட்ரோல் ஆவி சுமார் ஒன்றரை சதவீதத்திலிருந்து ஏழரை சதவீதம் வரைக்கும் இருந்தால் ஒரு பொறி போதும். நான் கத்துவதற்கு முன்னால் அப்பா எட்டிப்போய் பிளக்கைப் பிடுங்கினார். “எரியும்னு ஒட்றியே, எதுல ஒட்றன்னு பாத்தியாடா?” ஏணி மேலே இருந்த டிரைவர் என்னென்ன சொன்னார் என்பதை இங்கே எழுத முடியாது. அதற்குப் பிறகு சோப்புத் தண்ணீரும் பிளாஸ்டிக் தகடும் வைத்துத் தள்ளித் தள்ளித்தான் ஒட்டினான். ஒரு மூலை இரண்டே வாரத்தில் உரிந்துவிட்டது, வந்து மறுபடி ஒட்டிக் கொடுத்தான். மூலை உரிந்ததில் எனக்கு வருத்தம் இல்லை. ஹீட் கன்னுக்காகத்தான் ஒரு நட்சத்திரத்தைக் குறைக்கிறேன், அதில் சமாதானம் கிடையாது. டேங்கர் கொண்டுபோகிறவர்கள் முதல் வார்த்தையாக இதைச் சொல்லிவிட வேண்டும்: சூடு காட்டும் எந்தச் சாமானும் வண்டிப் பக்கம் வரக்கூடாது.

இத்தனைக்கும் பிறகு, ஒன்பது எழுத்தோடு வண்டி முதல் லோடுக்குப் போனது. போன இடம் எது என்று சொல்லப்போவதில்லை. வாசலில் பேப்பர் பார்க்கிறவர் வண்டியைச் சுற்றி வந்து, “ஸ்பெல்லிங் தப்பு, முன்னாடி ‘இன்’ காணோம், சரி பண்ணிட்டு வா” என்று டிரைவரைத் திருப்பிவிட்டார். நான் போனில் பிடித்தேன். இரண்டும் ஒரே அர்த்தம் சார், ஐ.நா. பட்டியலிலேயே இப்படித்தான் இருக்கிறது, பிரிட்டிஷ்காரனே 1959-ல் மாற்றிவிட்டான் என்று மூச்சு விடாமல் சொன்னேன். “மேடம், எங்க லிஸ்ட்ல இன்ஃப்ளேமபிள்னு இருக்கு” என்றார். என்னிடம் 1959 இருந்தது, அவரிடம் டிக் அடிக்கிற பேனா இருந்தது. ஒரு நாள் லோடு போச்சு.

சாயங்காலம் அண்ணனுக்கு போன் செய்தேன். சொன்னேனா இல்லையா என்று அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. டப்பாவையும் பிரஷ்ஷையும் ஒரு பையில் போட்டுக்கொண்டு ஷேர் ஆட்டோவில் வந்து இறங்கினார். இருட்டிக்கொண்டு வந்தது. டிரைவர் தள்ளி நின்று டார்ச் அடிக்க, இடது பக்கம் காலியாகக் கிடந்த அந்த ஒரு முழ வெள்ளையில் ஐ, என் இரண்டையும் எழுதினார். அளந்து வைத்த மாதிரி உட்கார்ந்தது. மாதிரி என்ன, அளந்து வைத்ததுதான். நடுவில் இல்லை என்று நான் முகம் சுளித்த எழுத்து, மூன்று பக்கமும் நட்ட நடுவில் வந்து நின்றது. ஆறு எழுத்து, 360 ரூபாய். ஷேர் ஆட்டோவுக்குக் கொடுத்ததை வாங்கிக்கொள்ளவில்லை.

மறுநாள் லோடு எடுத்துக்கொண்டு வண்டி வந்தது. கிளீனர் பையன் பின்னால் நின்று எழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். “இப்ப எரியுமா எரியாதாக்கா?” என்றான். கீழே இருந்த தமிழ் வரியைக் காட்டினேன்.

போக நினைப்பவர்களுக்குச் சில விஷயங்கள். காலை பதினொரு மணிக்கு முன்னால் கடை திறக்காது. ஆயுத பூஜைக்கு முந்தைய இரண்டு வாரம் அந்தப் பக்கமே போகாதீர்கள், மீன்பாடி வண்டியிலிருந்து டிரெய்லர் வரைக்கும் வரிசையில் நிற்கும். ஆட்டோ, வேனுக்கு மகனுடைய ஸ்டிக்கர் போதும், விலையும் நியாயம். கடை போர்டு, லாரி, படகு என்றால் அப்பாவிடம் எழுதிக்கொள்ளுங்கள். காசிமேட்டுப் படகுகளுக்கும் எழுதுகிறார், அந்த எழுத்தின் அழகே தனி. டேங்கை டீசல் துணியால் துடைத்துவிட்டுக் கொண்டுபோகாதீர்கள், எண்ணெய்ப் பிசுக்கில் பெயிண்ட் பிடிக்காது. சோப்புத் தண்ணீர் விட்டுக் கழுவி, காயவைத்து நிறுத்துங்கள். பில் கேட்டால் துண்டுச் சீட்டில் எழுதித் தருவார், ஜி.எஸ்.டி. பில் வராது.

வேலை நடந்து நாலு மாதம் ஆகிறது. அவசரத்தில், டார்ச் வெளிச்சத்தில், தின்னர் கூடிப்போய் ஒரே கோட் அடித்த எழுத்து அல்லவா, சித்திரை வெயிலில் அந்த ‘இன்’ மட்டும் வெளுத்து ரோஸ் நிறத்துக்கு வந்துவிட்டது. மற்ற ஒன்பதும் ரத்தச் சிவப்பாக அப்படியே இருக்கிறது. வாசலில் பேப்பரோடு கிட்டே வந்து பார்க்கிறவருக்குப் பதினோரு எழுத்து இருக்கிறது. முப்பது அடி பின்னால் பைக்கில் வருகிறவனுக்கு ஒன்பதுதான் தெரிகிறது. போன வாரம் இரண்டாவது வண்டிக்கு விலை பேச யார்டுக்கு வந்தபோது அண்ணனே அதைப் பார்த்துவிட்டுக் கூச்சப்பட்டார். வண்டியை ஒரு நாள் நிறுத்து, இன்னொரு கோட் அடித்துத் தருகிறேன், காசு வேண்டாம் என்றார்.

அடுத்த எஃப்.சி. வரைக்கும் இப்படியே இருக்கட்டும்ணா என்று சொல்லிவிட்டேன்.